கடுக்கா மரத்து முடக்கில் பதில் சொல்லாதீர்கள்

1

இந்தக் கதை பிறந்தது ஒரு கைதட்டலில். வேலூரில் ஒரு சின்ன அரங்கில் குறும்படம் ஒன்று முடிந்து விளக்கைப் போட்டார்கள். இருந்தவர்கள் எல்லாரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். முன்வரிசையில் ஒரு அம்மா கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். படத்துக்கு வசனம் எழுதியவள் என்று என்னையும் மேடைக்குக் கூப்பிட்டார்கள். நான் போகவில்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வெளியே வந்து ஸ்கூட்டியை எடுத்து, கணியம்பாடி வரைக்கும் திட்டிக்கொண்டே வந்தேன். ஹெல்மெட்டுக்குள் திட்டினால் யாருக்கும் கேட்காது, அது ஒரு வசதி.

கைதட்டியவர்கள் நல்லவர்கள். இந்தக் கதையில் கெட்டவர் என்று ஒருவர்கூட வர மாட்டார், முன்னாலேயே சொல்லிவிடுகிறேன். ஒரு வில்லன் இருந்திருந்தால் எனக்கு எவ்வளவோ வேலை மிச்சமாகியிருக்கும். எல்லாரும் நல்லவர்களாக இருந்து ஒரு அநியாயத்தைச் செய்து முடித்தால் யாருடைய சட்டையைப் பிடிப்பது?

2

மூன்று முறை தொடங்கிப் பார்த்தேன்.

"ஜவ்வாது மலைமேல் மேகம் மெல்ல இறங்கிக்கொண்டிருந்த ஒரு கார்காலக் காலையில்—"

வேண்டாம். படம் முழுக்க மேகம்தான். இதிலுமா?

"அன்பரசி செத்தது கடுக்கா மரத்து முடக்கில்."

இதில் ஒரு பொய்யும் இல்லை. ஆனால் இந்த வாக்கியத்தை அந்த ஊரில் யாரும் வாயால் சொல்ல மாட்டார்கள். அன்பரசியைப் பெற்ற அம்சவல்லியே சொன்னதில்லை. எடுத்த எடுப்பில் போட்டு உடைக்க நான் யார்? (அடித்து அழிக்கவும் மனம் வரவில்லை. அப்படியே கிடக்கட்டும்.)

"ஒரு அம்மா இருந்தாள். ஒரே ஒரு முறை வாயைத் திறக்காமல் இருக்க அவள் ஆசைப்பட்டாள், அதுவும்—"

கதை மாதிரி இருக்கிறது. அதனாலேயே பிடிக்கவில்லை. விடுங்கள், நடந்ததை நடந்தபடி சொல்கிறேன்.

3

ஜீவானந்தம் சந்தவாசல்காரன். சென்னையில் சினிமா படித்தவன். என் கதைத் தொகுப்பைக் காசு கொடுத்து வாங்கிய மிகச் சிலரில் ஒருவன் என்பதால் அவன்மீது எனக்கு ஒரு பலவீனம் உண்டு. அவன் எடுக்க நினைத்தது பரிசோதனைக் குறும்படம். பெயர் 'நடுவெளி'. சாவுக்கும் உயிருக்கும் நடுவில் மாட்டிக்கொண்ட ஆன்மாக்கள் ஒரு மலையில் காத்துக்கொண்டிருக்கின்றன. எல்லாருக்கும் வெள்ளைத் துணி. வசனம் குறைவு.

"வசனம் கொறைவுன்னா நான் எதுக்குடா?"

"கொறைவா எழுதத்தான் அக்கா ஆளு வேணும். அதுவுமில்லாம உங்க வூட்ல இந்த உத்தரிக்கிற ஆத்துமால்லாம் உண்டு இல்ல?"

உண்டு.*

படம் எடுத்த ஊரின் பெயரை நான் எழுதப் போவதில்லை. பேருந்து நின்றுவிடுகிற இடத்திலிருந்து முடக்கு முடக்காக வளைந்து போகிற காட்டுப் பாதையில் ஏற வேண்டும். ஜீப்கூட ஏறாது. முதல் நாள் மூச்சு வாங்க ஏறி நின்றதும் ஜீவானந்தம் சொன்னான்: "ரோடு இல்லாததுதான் அக்கா அழகு. ஃப்ரேம்ல எதுவும் குறுக்க வராது." அந்த வாக்கியத்தை நினைத்தால் இப்போதும் பல்லைக் கடிக்கிறேன். அவன் அதைக் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை.

* என் அம்மா மதலேனாள் செபமாலை முடிந்ததும் உத்தரிக்கிற ஆத்துமாக்களுக்கு என்று தனியாக ஒரு செபம் சொல்வாள். மோட்சத்துக்கும் போகாமல், நரகத்துக்கும் போகாமல் நடுவில் கிடந்து வேகிற ஆத்துமாக்கள். அவர்களுக்காக யாராவது பேசினால்தான் அவர்கள் கரையேற முடியும். "நாம பேசறது அவங்களுக்குப் புடிக்கலன்னா?" என்று சின்ன வயதில் ஒருமுறை கேட்டேன். அம்மா முதுகில் ஒன்று வைத்தாள்.

4

முக்கியமான காட்சி இது. நான்கு பேர் ஒரு ஆன்மாவை டோலியில் தூக்கிக்கொண்டு மலைப்பாதையில் நடக்க வேண்டும். மூங்கில் கழியில் கம்பளியைத் தொட்டில் மாதிரி கட்டி, உள்ளே ஆளைப் படுக்க வைப்பதுதான் டோலி. நோயாளிகளையும் பிள்ளைவலி எடுத்த பெண்களையும் அந்த ஊரில் இன்றைக்கும் அப்படித்தான் கீழே கொண்டுபோகிறார்கள். ஆன்மாவாக நடித்தவள் பூஜா, வேலூரில் கல்லூரி முடித்து நாடகங்களில் நடித்துக்கொண்டிருந்த பெண். தூக்குபவர்கள் ஊர்க்காரர்கள். முன்னால் நிற்பவர் சந்திரன், அம்சவல்லியின் தம்பி.

கழியைத் தோளுக்கு ஏற்றும் முன் சந்திரன் கேட்டார்: "பேரு இன்னாங்க?"

"யாரு பேருண்ணே?" என்றான் ஜீவானந்தம்.

"உள்ள படுத்துனு கீற பாப்பாவுக்கு. படத்துல இன்னா பேரு?"

"பேரு கெடையாதுண்ணே. அது ஆன்மா. ஆன்மாவுக்கு ஏது பேரு?"

சந்திரன் கழியைத் தரையில் வைத்துவிட்டார். "பேர் இல்லாத ஆள எப்பிடிங்க தூக்கினு போறது? முடக்குக்கு முடக்கு கூப்புடணுமே."

"சரி, பூஜான்னே கூப்பிடுங்க."

"உசுரோட கீற பொண்ணு பேர வச்சி இந்த விளாட்டு வாணாங்க."

நான்கு பேரும் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்கள். ஜீவானந்தம் மேகத்தைப் பார்த்தான், கடிகாரத்தைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். அப்போது ஆன்மாக்களாக நிற்க வைத்திருந்த ஊர்க்காரர்களின் கூட்டத்திலிருந்து அம்சவல்லி முன்னால் வந்தார். படக்குழு கொடுத்த வெள்ளைத் துணியை அவர் புடவைக்கு மேல் துண்டு மாதிரி போட்டிருந்தார்.

"எம் பொண்ணு பேர வச்சிக்கோ. அன்பரசி."

"அக்கா..." என்றார் சந்திரன்.

"வச்சிக்கோன்றேன் இல்ல?"

5

இங்கே ஒரு தடங்கல். அம்சவல்லியை எப்படி எழுதுவது?

மகளைப் பறிகொடுத்த மலைக்கிராமத்து அம்மா என்றதும் உங்களுக்கு ஒரு முகம் வந்திருக்கும். அதைத் துடைத்துவிடுங்கள். அவர் சிடுசிடுப்பான மனுஷி. ஒரு புளிய மரத்துக்காகப் பக்கத்து நிலத்துக்காரர்களோடு வருடக்கணக்காகப் பேச்சுவார்த்தை இல்லாதவர். முதல் நாள் நான் வணக்கம் சொன்னதற்கு, "இன்னாத்துக்கு இத்தினி பேரு வந்து கீறீங்க?" என்று கேட்டவர். அவர் அழுது நான் பார்த்ததில்லை. (அழவைத்து ஒரு பத்தி எழுதினேன், நன்றாகவே வந்தது. கிழித்துப் போட்டேன்.)

அவர் எனக்குச் சொன்ன வழக்கம் இதுதான். (மலை முழுக்க இப்படி என்று எடுத்துக்கொள்ளாதீர்கள். இந்த ஊரில் இப்படி.)

எல்லைக் கல்லுக்கு வெளியே செத்தவர்களை ஊருக்குள் கொண்டுவரக் கூடாது. செத்த இடத்துக்குப் பக்கத்திலேயே புதைத்துவிட வேண்டும். ஆனால் ஊரில் பாதிச் சாவு பாதையில்தான் நடக்கிறது. பெற்ற பிள்ளையைக் காட்டுப் பாதையோரம் புதைத்துவிட்டு யார் வீடு திரும்புவார்கள்? அதனால் ஒரு வழி வைத்திருக்கிறார்கள். ஒவ்வொரு முடக்கிலும் முன்னால் தூக்குபவர் பெயரைச் சொல்லி, "வர்றியா?" என்று கேட்பார். "வர்றேன்" என்று பதில் வந்தால் உள்ளே இருப்பவர் உயிரோடு இருக்கிறார் என்று கணக்கு. பதில் யார் குரலில் வருகிறது என்று யாரும் கேட்க மாட்டார்கள். முன்னால் தூக்குபவர் திரும்பிப் பார்க்கவும் மாட்டார். பதிலே வராவிட்டால் கழியை இறக்கிவிட வேண்டும். அத்தோடு முடிந்தது.

அன்பரசிக்கு வலி கண்டு கீழே தூக்கிக்கொண்டு போனார்கள். கடுக்கா மரம் நிற்கிற முடக்கில் தாய்மாமன் சந்திரன் கூப்பிட்டார். பதில் இல்லை. மறுபடி கூப்பிட்டார். பின்னால் நடந்து வந்துகொண்டிருந்த அம்சவல்லி, "வர்றேன்" என்றார்.

சந்திரன் டோலியை ஊர்ப் பக்கம் திருப்பினார். திரும்பி ஏறுகிற வழியெல்லாம் முடக்குக்கு முடக்கு அவர் கூப்பிட்டார், முடக்குக்கு முடக்கு அம்மா மகளாகப் பதில் சொன்னார். எல்லைக் கல்லைத் தாண்டி வீட்டுக்குள் கொண்டுபோய்ப் படுக்க வைத்த பிறகுதான் ஊர் அழத் தொடங்கியது. அன்பரசியும் அவள் வயிற்றில் இருந்ததும் வீட்டில் செத்தார்கள்.

இந்த இடத்தில் எனக்கு உடம்பு சிலிர்த்தது, உண்மைதான். எவ்வளவு இரக்கமான வழக்கம் என்று நினைத்தேன். அம்சவல்லி என் முகத்தைப் பார்த்துவிட்டு, "இன்னாத்துக்கு அப்பிடிப் பாக்கற? மீதியக் கேளு," என்றார்.

6

மீதி.

சாலை கேட்டு ஊரே கீழே ஒரு கூட்டத்துக்குப் போயிருக்கிறது. மேசைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்த அதிகாரி மரியாதையாகத்தான் பேசியிருக்கிறார். நாற்காலி போடச் சொல்லி, டீ வரவழைத்துவிட்டு, சொல்லியிருக்கிறார்: "உங்க கஷ்டம் புரியுதுங்க. ஆனா அந்தப் பாதையில ஒரு உயிர்கூட போனதா தகவல் இல்லீங்களே. எல்லாருமே அவங்கவங்க வூட்லதானே இறந்து இருக்காங்க."

ஊர் முழுக்க அங்கே நின்றுகொண்டிருந்தது. ஒருவரும் வாயைத் திறக்கவில்லை.

"நீங்களாவது சொல்லியிருக்கலாமே அக்கா," என்றேன். மேகம் வராததால் படப்பிடிப்பு நின்றிருந்த நேரம் அது. அவர் சாமை புடைத்துக்கொண்டிருந்தார். முறத்தை நிறுத்தாமலே பேசினார்.

"இன்னான்னு சொல்றது? வழியில போனது எம் பொண்ணு மட்டுமா? ஊர்ல பாதி வூட்ல அப்பிடி ஒரு சாவு கீது. எல்லாரயும் எல்லைக்கு உள்ளதான் பொதைச்சி கீது. நான் வாயத் தொறந்தா எல்லாரயும் தோண்டி வெளிய எடுத்துனு போவச் சொல்வியா?"

சற்றுத் தள்ளி அவர் மருமகள் ஈஸ்வரி தண்ணீர்க் குடத்தை இறக்கிவைத்துவிட்டு இடுப்பைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"இவளும் மாசமா கீறா. இவளயும் அதே கழிலதான் தூக்கினு போவணும். அதான் ரோசன பண்ணேன். உங்க படம் விளாட்டுதான?"

"விளையாட்டுதான்."

"விளாட்டுல பதில் வரலன்னா ஊருக்கு ஒரு தோஷமும் கெடையாது. சந்திரன் எம் பொண்ணு பேரச் சொல்லி கடுக்கா மரத்து முடக்குல கூப்புடுவான். அந்தப் பாப்பா பேசாது, அது ஆன்மாவாமே. நானும் இந்தத் தபா பேச மாட்டேன். கழிய அங்கியே எறக்கிடுவாங்க. அவ்ளதான். பாக்கறவன் பாத்துக்கட்டும், அவ எங்க செத்தான்னு."

என் பிழைப்பே திரைக்கதையும் கதையும்தான். இதைவிடச் சுத்தமான ஒரு காட்சியை நான் கேட்டதில்லை. எழுத வேண்டியது ஒன்றுமே இல்லை. ஜீவானந்தத்திடம் போய், "கழியை எறக்கினா கேமராவ நிறுத்தாத. அதுதான் படத்தோட முடிவு," என்றேன். "பாக்கலாம் அக்கா," என்றான்.

(கவனித்தீர்களா? 'பாக்கலாம்.' மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவரும் கடைசியில் அதைத்தான் சொல்லி அனுப்பினாராம்.)

7

மேகம் வந்தது. கழி தோளுக்கு ஏறியது. ஒவ்வொரு முடக்கிலும் சந்திரன் கூப்பிட, நான் எழுதிக்கொடுத்தபடி பூஜா "வர்றேன்" என்றாள். கடுக்கா மரம் வந்தது. இங்கே அவள் பேசக் கூடாது. ஆன்மா மௌனத்துக்குள் நுழைகிறது என்று ஜீவானந்தம் எழுதிவைத்திருந்தான். மௌனத்தோடு டோலி மேகத்துக்குள் நடந்து மறைய வேண்டும்.

"அன்பரசீ, வர்றியா?"

பதில் இல்லை. அம்சவல்லி கேமராவுக்குப் பின்னால் என் பக்கத்தில் நின்றிருந்தார். கீழுதட்டைப் பல்லால் கடித்துப் பிடித்திருந்தார்.

"நடங்கண்ணே, நிக்காதீங்க, அப்பிடியே நடங்க!" ஜீவானந்தம் கத்தினான்.

சந்திரன் நடக்கவில்லை. "அன்பரசீ, வர்றியா?"

பதில் இல்லை. இன்னொரு முறை கேட்டும் பதில் வராவிட்டால் கழியை இறக்க வேண்டியதுதான். சந்திரன் விளையாட்டை எப்போதோ விட்டுவிட்டார் என்று அவர் கழுத்தைப் பார்த்தாலே தெரிந்தது. மூன்றாம் முறை அவரால் முழுப் பெயரைச் சொல்ல முடியவில்லை. "அன்பு... வர்றியாம்மா?"

கம்பளிக்குள்ளிருந்து பூஜாவின் குரல் வந்தது. "வர்றேன்."

சந்திரன் தேம்பிக்கொண்டே நடந்தார். டோலி மேகத்துக்குள் மறைந்தது. "கட்! பிரமாதம்!" என்றான் ஜீவானந்தம்.

அம்சவல்லி அந்த வெள்ளைத் துணியை உருவிக் கீழே போட்டார். நேராகப் போய், அப்போதுதான் டோலியிலிருந்து இறங்கிய பூஜாவின் முன்னால் நின்றார்.

"நீ இன்னாத்துக்கு சொன்ன?"

"அவர் குரலைக் கேட்க முடியலம்மா..."

"நான் கேட்டுனு நின்னேன் இல்ல? எம் பொண்ணு, நான் வாயக் கட்டினு நின்னேன் இல்ல? உனுக்கு இன்னா வந்துச்சி? ஒரே ஒரு தபா அவ இங்க செத்தா செத்தாளாவே இருக்கட்டும்னு வுட்டேன். நீ எழுப்பிட்டியே!"

பூஜா அழுதாள். மறுபடி எடுக்கலாம் என்று நான் சொன்னேன். சந்திரன் கழியை எடுத்துக்கொண்டு, "என்னால ஆவாதுங்க," என்று ஏறிப் போய்விட்டார். மேகமும் கலைந்துவிட்டது.

8

படத்தொகுப்பின்போது ஜீவானந்தத்தோடு சண்டை போட்டேன். இரண்டாவது தடவை கூப்பிட்டதும் படத்தை வெட்டு, இருட்டாக்கு, முடி. இதைத்தான் கேட்டேன். ஒரு வெட்டு, அவ்வளவுதான்.

"அக்கா, அந்த 'வர்றேன்'தான் படமே. மௌனத்துல முடிச்சா ஜனங்க கனமா வெளிய போவாங்க."

"போகட்டுமேடா! கனமாத்தான் போகட்டுமே!"

"ரோடு, ஆஸ்பத்திரின்னு ஆயிடும் அக்கா. இது மனுஷ குலம் முழுக்கப் பொதுவான விஷயம். நீங்க இத சின்னதாக்கறீங்க."

சின்னதாக்குகிறேனாம். நான்கு தோள்களும் ஒரு கம்பளியும் ஒரு கடுக்கா மரமும் சின்ன விஷயம். மேகம் பெரிய விஷயம். நான் மேசையிலிருந்த தண்ணீர் பாட்டிலை எறிந்தேன். அவன்மேல் படவில்லை. அதில் எனக்கு வருத்தம்தான்.

படம் வெளியானதும் ஜீவானந்தம் மடிக்கணினியை எடுத்துக்கொண்டு ஊருக்கே போய்ப் போட்டுக்காட்டினான். (சொன்னேனே, நல்லவன்.) நானும் போயிருந்தேன். அம்சவல்லி ஈஸ்வரியோடு முன்னால் உட்கார்ந்து பார்த்தார். கடுக்கா மரம் வந்தது. சந்திரன் குரல் வந்தது. "வர்றேன்" என்று கேட்டதும் சுற்றி நின்றவர்கள் பெருமூச்சு விட்டார்கள், ஊர்க்காரர்களும்தான்.

அம்சவல்லி என்னைத் திரும்பிப் பார்த்தார்.

"இதுலயும் வந்துட்டாளா?" என்றார்.

9

இனி முடிவு. கைவசம் சில இருக்கின்றன.

அ) படத்தைப் பார்த்தவர்கள் கொதித்தெழுந்தார்கள், சாலை வந்தது. இதை நான் எழுதினால் நீங்களே என்னைப் பார்த்துச் சிரிப்பீர்கள்.

ஆ) "ஈஸ்வரிக்கு வலி எடுத்தபோது மழை பெய்துகொண்டிருந்தது. சந்திரன் கழியை—"

மாட்டேன். உங்களுக்கு உறைக்க வேண்டும் என்பதற்காக ஒரு மாசமான பெண்ணைக் காகிதத்தில்கூட நான் சாகடிக்க மாட்டேன். இதை எழுதுகிற இந்தக் காலையில் அவள் மேலே அந்த ஊரில்தான் இருக்கிறாள். இனி மாதம் ஏறுமே தவிர இறங்காது. அந்தக் கழி கூரைக்கடியில் செருகியிருக்கிறது.

இ) பூஜா பேசாமல் இருந்திருந்தால் என்று ஒரு முடிவு. இதை எழுத எத்தனையோ தடவை உட்கார்ந்தேன். சந்திரனைக் கூப்பிட வைக்கிறேன். அடுத்து என் பேனா தானாக ஒரு மேற்கோள்குறியைத் திறக்கிறது. யாரையாவது பேச வைக்கிறது. நான் வசனகர்த்தா, கேள்வி வந்தால் பதில் எழுதிப் பழகிய கை. நானும் பூஜாவும் ஒன்றுதான் என்று தெரிந்தபோது வந்த ஆத்திரத்தில் அந்தப் பக்கங்களையும் கிழித்தேன்.

அம்மா மதலேனாளின் செபம் ஞாபகம் வந்தது. அவர்களுக்காக நாம் பேசினால்தான் கரையேறுவார்கள் என்கிறோம். அன்பரசி கரையேறாமல் கிடப்பதே எல்லாரும் அவளுக்காகப் பேசியதால்தான். அம்சவல்லி பாசத்தில் பேசினார். பூஜா இரக்கத்தில் பேசினாள். மேசைக்காரர் அதையே பிடித்துக்கொண்டு, பாதையில் யாரும் சாகவில்லை என்கிறார்.

10

ஆகவே முடிவை எழுதப்போவது நான் இல்லை. நீங்கள்தான்.

வேலை மிகச் சின்னது. கீழே சந்திரன் ஒரே ஒரு முறை கூப்பிடுவார். உங்களுக்கு மனசு கேட்காது. நீங்கள் நல்லவர்கள், அரங்கில் பார்த்தேனே. வாய்விட்டுச் சொல்லாவிட்டாலும் உள்ளுக்குள் ஒரு "வர்றேன்" எழும். அதை விழுங்குங்கள். இரக்கப்படாதீர்கள். அடுத்த பக்கத்தைத் திருப்பி யாராவது பதில் சொல்கிறார்களா என்றும் பார்க்காதீர்கள். அம்சவல்லி தாங்கிக்கொண்டு நின்றார், நீங்களும் கொஞ்சம் நில்லுங்கள். அவள் செத்த இடத்திலேயே செத்திருக்கட்டும். நீங்கள் பேசாமல் இருந்தால் கழி இறங்கிவிடும். அது எங்கே இறங்கியது என்று உங்களுக்குத் தெரியும், இனிமேல் தெரியாது என்று சொல்ல உங்களால் முடியாது.

டோலி கடுக்கா மரத்துக்கு வந்துவிட்டது. மேகம் இல்லை, பாதை பளிச்சென்று தெரிகிறது. கம்பளிக்குள் யாரையும் நான் படுக்க வைக்கவில்லை, பேசிவிடுவார்கள் என்ற பயம்தான். அம்சவல்லி உதட்டைக் கடித்துக்கொண்டு உங்கள் பக்கத்தில் நிற்கிறார்.

"அன்பரசீ, வர்றியா?"